தாவாரத் தண்ணீர் விழுந்த இடம்

எங்கள் வீட்டைப் போலீஸ் காவல் போட்டுத்தான் கட்டினோம். இதைச் சொன்னால் கேட்கிறவர்கள் முதலில் சிரிப்பார்கள். போலீஸ்காரர் கொத்துக்கரண்டி பிடித்தாரா என்று பள்ளிக்கூட வாத்தியார் ஒருத்தர் கேட்டார். நான் அதே பள்ளிக்கூடத்தில் சத்துணவு சமைக்கிறவள், வாயை அடக்க வேண்டிய இடம். அடக்கவில்லை. "இல்ல சார், வேப்பமரத்து நெழல்ல நாற்காலி போட்டுக் குந்திக்கினு டீ குடிச்சாரு. உங்கள மாதிரியேதான்" என்றேன். இந்த வாயால் நான் பிழைத்ததும் உண்டு, பட்டதும் உண்டு.

எங்கள் ஊர் கள்ளக்குறிச்சியிலிருந்து மலைக்குப் போகிற ரோட்டில் இருக்கிறது. தெருவில் நின்றால் மேற்கே கல்வராயன் மலை தெரியும். மலை கறுத்தால் கொஞ்ச நேரத்தில் எங்களுக்கும் மழை என்று கணக்கு. நான் கல்யாணமாகி வந்தபோது மாமனார் வீடு ஒரே மனை, ஒரே கூரை. அவர் போன பிறகு பிள்ளைகள் இரண்டு பேரும் பாகம் பிரித்துக்கொண்டார்கள். தெருப்பக்கம் இருந்த கூரை வீடு என் வீட்டுக்காரருக்கு. பின்னால் மாட்டுக்கொட்டாய் இருந்த இடம் அவருடைய அண்ணனுக்கு. அண்ணன் மாடு கன்று வைத்திருந்ததால் அவரே கேட்டு வாங்கிக்கொண்டது அது. அங்கே அவரும் ஒரு கூரை வீடு போட்டுக்கொண்டார். அந்த வீட்டுக்குப் பின்னால் ஏரி வாய்க்கால், அதைத் தாண்டி யாருடையதோ கரும்புக் கொல்லை. ஆகவே அவர்கள் தெருவுக்கு வருவதற்கு இருந்த ஒரே வழி எங்கள் வீட்டுப் பக்கவாட்டில் போகிற சந்துதான். சந்து நேராகப் போய், எங்கள் வீட்டு மூலையில் ஒரு திரும்பு திரும்பி அவர்கள் வாசலில் முடியும்.

அண்ணன் பெண்டாட்டியை நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். ஓரகத்தி என்று முறை சொன்னாலே ஊரில் ஒரு மாதிரி சிரிப்பார்கள், இரண்டு பேருக்கும் ஆகாது என்று. எங்களுக்கு ஆனது. எங்கள் பக்கம் தம்பி பெண்டாட்டி மூத்தாரிடம், அதாவது புருஷனுடைய அண்ணனிடம், நேராகப் பேசமாட்டாள். ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் அக்காவைப் பார்த்து, அவர் காதில் விழுகிற மாதிரி சொல்ல வேண்டும். அவரும் அக்காவைப் பார்த்தே பதில் சொல்வார்.

"மாமாவுக்கு இன்னொரு கரண்டி கொழம்பு ஊத்தட்டுமான்னு கேளுக்கா" என்பேன்.

"போதும்னு சொல்லு உன் தங்கச்சிகிட்ட" என்பார் அவர்.

நடுவில் நிற்கிற அக்கா இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் தலையைத் திருப்பி, "ரெண்டு பேருக்கும்தான் காது நல்லா கேக்குதே, நடுவுல நான் இன்னாத்துக்கு தபால்காரன் கணக்கா" என்று சலித்துக்கொள்வாள். ஆனால் ஒரு நாளும் அந்த வேலையை அவள் விட்டதில்லை.

எங்கள் கூரையின் தாவாரம் சந்துப் பக்கம் நன்றாக இறங்கியிருக்கும், உயரமான ஆம்பிளை குனிந்துதான் நுழைய வேண்டும். அந்தத் தாவாரத்தின் கீழேதான் நானும் அக்காவும் பாதி வாழ்க்கையைக் கழித்தோம். கிழங்கு தோல் உரித்ததும், பேன் பார்த்ததும், வீட்டுக்காரர்களைப் பற்றிக் குறை பேசியதும் அங்கேதான். மழை பிடித்தால் தாவாரத்துக்குக் கீழே குண்டானும் தவலையும் வரிசையாக வைப்போம். ஒன்று அவளுடையது, அடுத்தது என்னுடையது. மழைத் தண்ணியில் துவரம்பருப்பு பூவாக வேகும் என்பாள். அவளுடைய குண்டான் பெரியது, எனக்கு அதில் கொஞ்சம் பொறாமையும் உண்டு.

கூரை வீட்டுக்கு எல்லை சுவர் இல்லை. தாவாரத் தண்ணீர் எங்கே விழுகிறதோ அதுவரைக்கும் அந்த வீட்டுக்காரருடைய இடம். எங்கள் ஊரில் இது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். வருஷக்கணக்காகத் தண்ணீர் விழுந்த இடத்தில் மண் குழிந்து பொடிக்கல் மேலே தெரியும். தனியாகக் கல் நட வேண்டிய வேலை இல்லை. ஆனால் கூரையைப் பிரித்துவிட்டுப் புது வீடு கட்டுகிறவர்கள் மட்டும் ஒரு காரியம் செய்வார்கள். பிரிப்பதற்கு முன்னால் நாலு பேரைக் கூப்பிட்டு நிற்க வைத்து, கூரை மேல் குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றுவார்கள். அது சொட்டுகிற இடத்தில் வரிசையாக முளைக்குச்சி அடிப்பார்கள். கூடப் பிறந்தவனாக இருந்தாலும் அடிப்பார்கள். பங்காளியையும் பனங்காயையும் பதம் பார்த்து வெட்டணும் என்று சும்மாவா சொன்னார்கள்.

நாங்கள் குச்சி அடிக்கவில்லை. அரசாங்கத்தில் வீடு கட்டும் திட்டத்தில் எங்கள் பேர் வந்திருந்த நேரம். கூரையோ மக்கிப்போய் உள்ளே நின்றால் வானம் தெரிந்தது. பெண் குழந்தையை வைத்துக்கொண்டு இன்னொரு மழைக்காலம் அதில் ஓட்ட முடியாது என்று எனக்கு அவசரம். "தண்ணி ஊத்தி குச்சி அடிச்சிடலாமா?" என்று என் வீட்டுக்காரர் கேட்டார். நான்தான் வேண்டாம் என்றேன். "அக்கா எதிர்ல நின்னுகினு குச்சி அடிச்சா அவ மனசு இன்னா பாடுபடும்? நம்பலன்னு ஆவுது இல்ல?" என்றேன். அவரும் சரி என்றுவிட்டார். நம்பிக்கை இல்லாதவர்கள் செய்கிற வேலை என்று நினைத்துவிட்டோம். கூரை பிரித்த அன்று அக்கா வந்து நாள் முழுக்கப் பழைய கீற்றைக் கட்டுக்கட்டாக வாங்கி அடுக்கினாள். தூசியில் இரண்டு பேரும் தும்மித் தும்மிச் சிரித்தோம். மக்கிய கீற்றை மாட்டுக்கு அடியில் பரப்பலாம் என்று மூத்தார் எடுத்துக்கொண்டு போனார்.

தெருவோரம் தார்ப்பாய் கட்டி அதில் குடியிருந்தோம். மேஸ்திரி வந்து சுண்ணாம்புத் தூள் கோடு போட்டார். திட்டத்து வீட்டுக்கு இவ்வளவு நீளம் இவ்வளவு அகலம் என்று ஒரு அளவு உண்டு. அதில் ஒரு முழம் குறைந்தாலும் ஆபீசர் தள்ளிவிடுவார். எங்கள் மனையில் அந்த அளவு வர வேண்டுமென்றால் சந்துப் பக்கத்துச் சுவர் தாவாரத் தண்ணீர் விழுந்த கோட்டில் வந்தாக வேண்டும். வேறு வழியில்லை. மேஸ்திரி கோட்டை அங்கே போட்டார்.

மூத்தார் கொல்லையிலிருந்து வந்தார். கோட்டைப் பார்த்தார். காலால் தேய்த்தார்.

"சொவுரு இருந்த எடத்துலதான் சொவுரு வரணும்" என்றார், அக்காவைப் பார்த்து. "கூரை நீட்டிக்கினு இருந்ததுன்னா அது நாங்க வுட்டது. எங்க வழியில அவங்க தண்ணி உழ வுட்டோம். அதுக்கோசரம் எடம் அவங்களுதா?"

நானும் அக்காவைப் பார்த்துத்தான் சொன்னேன். "தாவாரத் தண்ணி உழுந்த எடம் யாருதுன்னு ஊருக்கே தெரியும்க்கா. மாமாவுக்கு மட்டும் தெரியலியான்னு கேளு."

"தண்ணி எங்க உழுந்தது? காட்டச் சொல்லு."

காட்ட முடியவில்லை. கூரை இல்லை. கீற்று இழுத்ததிலும் செங்கல் இறக்கியதிலும் அந்தக் குழிந்த மண்ணும் பொடிக்கல்லும் கலைந்து போயிருந்தன. மழை இத்தனை வருஷம் போட்ட கோட்டை நாங்களே நாலு நாளில் மிதித்து அழித்துவிட்டோம். அக்கா இரண்டு பக்கமும் பார்த்தாள். அன்றைக்கு அவள் சலித்துக்கொள்ளவில்லை, வீட்டுக்குள் போய்விட்டாள்.

மூத்தார் கெட்டவர் இல்லை, அதையும் சொல்லிவிட வேண்டும். அவருடைய பயம் நியாயமான பயம். கூரை இருந்த காலத்தில் தாவாரத்துக்குக் கீழேயும் நடக்கலாம் என்பதால் சந்து அகலமாகத்தான் இருந்தது. அங்கே சுவர் வந்தால் அது இடுங்கிப்போகும். ஆனால் எங்களுக்கு வீடே இல்லை. ஐப்பசி பிறந்தால் தார்ப்பாய் தாங்காது. சுவர் எழும்பவில்லையென்றால் திட்டத்தில் எங்கள் பேரை எடுத்துவிட்டு வேறு யாருக்காவது கொடுத்துவிடுவார்கள்.

அஸ்திவாரத்துக்குக் கடக்கால் தோண்டினோம், மறுநாள் காலையில் பார்த்தால் மண் தள்ளி மூடியிருந்தது. திரும்பவும் தோண்டினோம். ஆட்கள் வேலை செய்துகொண்டிருக்கும்போது மூத்தார் வந்து குழிக்குள் இறங்கி உட்கார்ந்துகொண்டார். மேஸ்திரி கரண்டியைக் கழுவி எடுத்துக்கொண்டு போய்விட்டார். "பங்காளி சண்ட தீராம என்னைக் கூப்புடாதீங்க" என்றார். அதன் பிறகுதான் ஸ்டேஷனுக்குப் போனோம். "இது சிவில் மேட்டரும்மா, நாங்க தலையிட முடியாது. கோர்ட்டுக்குப் போங்க" என்றார்கள். சர்வேயரை வரவழைத்தோம். அவர் சங்கிலி பிடித்து அளந்து, மேஸ்திரி போட்ட கோட்டுக்கு ஒரு விரல் முன்னே பின்னே அதே இடத்தில்தான் வருகிறது என்று எழுதிக்கொடுத்தார். மூத்தார் ஒப்புக்கொள்ளவில்லை. அப்புறம் வக்கீல், மனு, வாய்தா. வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார் என்று சொன்ன மகராசன் கோர்ட்டுப் படி ஏறிப் பார்த்திருக்கமாட்டான்.

அப்போது கள்ளக்குறிச்சி தனி மாவட்டமாகப் பிரியவில்லை. கலெக்டரிடம் மனு கொடுக்க விழுப்புரம் போக வேண்டும். ஒரு திங்கட்கிழமை போலீஸ் பாதுகாப்பு கேட்டு மனு கொடுத்துவிட்டு, வருகிற வழியில் உளுந்தூர்பேட்டையில் பஸ் மாறினோம். ஏறி உட்கார்ந்து பார்த்தால் முன் சீட்டில் மூத்தாரும் அக்காவும். அவர்களும் எங்கள் மேல் மனு கொடுத்துவிட்டுத்தான் வருகிறார்கள். நான்கு பேரும் ஜன்னலுக்கு வெளியே பார்த்தோம். தியாகதுருகம் தாண்டியிருக்கும், முன் சீட்டு இடுக்கு வழியாக ஒரு கை பின்னால் வந்தது. கையில் வாழையிலைப் பொட்டலம். அக்கா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நான் வாங்கிக்கொண்டேன். புளிச்சோறு. என் வீட்டுக்காரர் வேண்டாம் என்று தலையசைத்தார். எனக்குப் பசி, காலையிலிருந்து பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. நான் சாப்பிட்டேன். நீரடிச்சு நீர் விலகுமா, எல்லாம் சரியாகிவிடும் என்று அப்போது நிஜமாகவே நம்பினேன்.

அந்த நம்பிக்கையை ஸ்டேஷனில் வைத்து உடைத்தோம். பாதுகாப்பு கொடுக்கச் சொல்லி உத்தரவு வந்திருந்தது. அதற்கு முன்னால் கடைசியாக ஒரு பேச்சு பேசிப் பார்க்கலாம் என்று இன்ஸ்பெக்டர் இரண்டு பக்கத்தையும் கூப்பிட்டார். நல்ல மனுஷன். வரைபடத்தை மேஜை மேல் விரித்து வைத்துக்கொண்டு மூத்தாரைக் கேட்டார்.

"சொவுரு வந்த பொறவும் சந்து இருக்குது இல்ல? ஆள் போவலாமா?"

"போவலாம்."

"மாடு போவுமா?"

"ஒண்ணு பின்னால ஒண்ணு போவும்."

"சைக்கிள்?"

"தள்ளிக்கினு போவலாம்."

"அப்பறம் இன்னாய்யா கொறச்சல்?"

 அதுவரை வாயைத் திறக்காத அக்கா அப்போது பேசினாள். இன்ஸ்பெக்டரைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தாள்.

"நாளைக்கி நான் செத்தா பாடை எப்புடிடீ போவும்? முனையில திரும்புமா? அதை யோசிச்சியா?"

எனக்கு வந்த கோபத்தை என்னவென்று சொல்வது. தார்ப்பாய்க்கு அடியில் ஈரத்தில் படுத்து என் பெண்ணுக்குக் காய்ச்சல் கண்டிருந்த நேரம். இங்கே உயிரோடு இருக்கிறவளுக்குப் படுக்க இடமில்லை, இவர்கள் சாகப்போகிறதுக்கு வழி கேட்கிறார்கள் என்று தோன்றியது. மூத்தாருக்குப் பட வேண்டும் என்றுதான் சொன்னேன். ஆனால் வழக்கம்போல அக்காவைப் பார்த்துச் சொன்னேன்.

"அதுக்கு இன்னாக்கா, செத்தா எங்க வூட்டுக்குள்ளயே பூந்து தூக்கினு போங்க. முன்வாசல் பின்வாசல் ரெண்டையும் தொறந்து வுடறேன்."

ஸ்டேஷனில் இருந்தவர்களுக்கே ஒரு மாதிரி ஆகிவிட்டது. ஒரு வீட்டுப் பிணம் இன்னொரு வீட்டுக்குள் நுழைந்து போனதாக எங்கள் பக்கம் கதையில்கூடக் கேட்டதில்லை. மூத்தார் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போனார்.  பிறகு அக்காவும் எழுந்து போனாள். அவள் அதற்கப்புறம் என்னோடு பேசவில்லை.

வேலை ஆரம்பித்த அன்று ஒரு ஆண் போலீஸும் ஒரு பெண் போலீஸும் வந்தார்கள். மூத்தார் வந்து குழியில் உட்காரவில்லை. மாட்டை ஓட்டிக்கொண்டு கொல்லைக்குப் போனவர் பொழுது சாய்ந்துதான் வந்தார். தெருவில் யாரும் எட்டிப் பார்க்கவில்லை. வேறு வீடாக இருந்தால் கடக்கால் போடுகிற அன்று தெருவே வந்து ஆளுக்கு ஒரு கல் எடுத்துக் கொடுக்கும். எங்களுக்கு யாரும் விரோதியில்லை, ஆனால் போலீஸ் உட்கார்ந்திருக்கிற வாசலுக்கு யார் வருவார்கள். கூலிக்கு வந்த ஆட்கள்கூடச் சத்தமாகப் பேசாமல் வேலை செய்தார்கள்.

அந்தப் பெண் போலீஸ் மலைமேல் பிறந்தவள். கல்வராயன் மலையில் அவள் ஊருக்குப் போக பஸ் விட்டிறங்கிக் கொஞ்சம் நடக்க வேண்டுமாம். செங்கல் ஏறுவதைப் பார்த்துக்கொண்டே ஒரு நாள் சொன்னாள். "எங்க ஊர்ல வூடு கட்டுனா ஊரே சேர்ந்து வேஞ்சி குடுத்துட்டு சாப்ட்டுட்டுப் போவாங்கக்கா. ஒரு வூட்டுக்குக் காவல் நிக்கறது எனக்கு இதுதான் மொத தடவை."  அவளுக்கு டீயில் சர்க்கரை கொஞ்சம் ஜாஸ்தியாகப் போட்டுக் கொடுத்தேன்.

வாசக்கால் வைக்கிற நாள் வந்தது. சுமங்கலிகள் சேர்ந்து வாசக்காலுக்கு மஞ்சள் பூசிப் பொட்டு வைத்து நிறுத்த வேண்டும். அதில் முதல் கை பங்காளி வீட்டுப் பெண்ணுடையது, எங்கள் வழக்கத்தில் அது அக்காவுடைய கை. என் அம்மா வீட்டிலிருந்து என் அண்ணி மட்டும் வந்திருந்தாள். மேஸ்திரி நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார். "ரெண்டு பேர் ஆவாதும்மா, இன்னொரு சுமங்கலியைக் கூப்புடுங்க" என்றார். நான் தெருவைப் பார்த்தேன். எதிர் வீட்டுக்காரி கதவைப் பாதி சாத்திக்கொண்டாள். அழுகை வந்துவிட்டது, புடவைத் தலைப்பில் துடைத்துக்கொண்டு நின்றேன்.

பெண் போலீஸ் என்ன விஷயம் என்று கேட்டாள். மேஸ்திரி சொன்னார். அவள் தொப்பியைக் கழற்றி நாற்காலியில் வைத்தாள். பூட்ஸைக் கழற்றினாள், காலுறையையும் உருவினாள். "மெட்டி போட்டிருக்கேன்க்கா, பாருங்க. நான் பூசலாமா?" என்றாள். காக்கிச் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு அவள் மஞ்சளைக் குழைத்துப் பூசினாள். நன்றாக, அடிவரைக்கும், கொஞ்சம்கூட இடைவெளி விடாமல் பூசினாள். அவள் எங்கே இருந்தாலும் நன்றாக இருக்க வேண்டும்.

அப்போது யதேச்சையாகச் சந்துப் பக்கம் பார்த்தேன். மூலையில் அக்கா நின்றிருந்தாள். பார்த்ததும் திரும்பிப் போய்விட்டாள். திரும்பும்போது அவளுடைய வலது உள்ளங்கை தெரிந்தது. மஞ்சளாக இருந்தது. குளிக்க மஞ்சள் அரைத்திருப்பாள் என்று அப்போதைக்கு நினைத்துக்கொண்டேன். அவள் செவ்வாயும் வெள்ளியும்தான் மஞ்சள் பூசிக் குளிப்பாள். அன்று செவ்வாயும் இல்லை, வெள்ளியும் இல்லை. இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. சொல்லி என்ன ஆகப்போகிறது.

வீடு முடிந்தது. மழைக்கு முன்னால் கான்கிரீட் போட்டோம். சந்துப் பக்கம் தாவாரம் விடவில்லை, சன்சைடுகூட வைக்கவில்லை. ஒரு அங்குலம் நீட்டினாலும் மறுபடி சண்டை வரும், அதனால் அந்தப் பக்கம் எதையும் நீட்டமாட்டோம் என்று இன்ஸ்பெக்டரிடம் எழுதிக் கொடுத்திருந்தோம். மாடித் தண்ணீர் குழாய் வழியாகத் தெருவில் இறங்கிவிடும். சந்தில் ஒரு சொட்டு விழாது. முதல் மழையில் பெண் கட்டிலில் குதித்துக் குதித்து விளையாடினாள், சொட்டு எங்கே சொட்டு எங்கே என்று கேட்டுக்கொண்டு. எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. பின்னால் அக்கா வீட்டுத் தாவாரத்தில் தண்ணீர் கொட்டுகிற சத்தம் கேட்டது. குண்டான் வைத்திருந்தாள். முதலில் டங் டங் என்றும், நிரம்ப நிரம்பச் சத்தம் மாறுவதும் தெரிந்தது. ஒரு குண்டான்தான்.

வருஷங்கள் போயின. சந்தில் அவள் தண்ணீர்க் குடத்தோடு போவாள். சுவருக்கு இந்தப் பக்கம் நான் சமைத்துக்கொண்டிருப்பேன். குடம் சுவரில் இடித்தால் அவள்தான் போகிறாள் என்று தெரியும். அவளாக வந்து பேசட்டும் என்று நானும், நானாகப் போய்ப் பேசட்டும் என்று அவளும் இருந்தோம் என்றுதான் நினைக்கிறேன். கோர்ட்டு, போலீஸ் எல்லாம் ஏறி இறங்கியவளுக்கு அந்தச் சந்தில் நாலு எட்டு வைக்கத் தெரியவில்லை. நான் கேட்டது என் இடத்தைத்தான், அதில் தப்பு ஒன்றும் இல்லை, இன்றைக்கும் அப்படித்தான் சொல்வேன். ஆனால் நியாயம் என் பக்கம் இருந்தால் நெஞ்சு வலிக்காது என்று யாரும் சொல்லவில்லை.

அக்கா ஒரு கார்த்திகை மாதம் செத்துப்போனாள். மாட்டுக்குத் தவிடு கரைத்துக்கொண்டிருந்தவள் அப்படியே தொட்டி மேல் சாய்ந்தாளாம். மூத்தாருடைய சத்தம் கேட்டு ஓடினேன். நான் அந்த வாசலை மிதித்தது அத்தனை வருஷத்துக்கு அப்புறம் அன்றுதான். அவள் கையைப் பிடித்துக்கொண்டு அக்கா அக்கா என்று கத்தினேன். அவள் தலையை எந்தப் பக்கமும் திருப்பவில்லை.

வேலைக்கு வெளியூர் போயிருந்த அவள் மகன் மறுநாள் காலையில் வந்து சேர்ந்தான். சுமங்கலியாகப் போனவள், முகம் கை கால் எல்லாம் மஞ்சள் பூசிக் குளிப்பாட்டினோம். ஒரு கைக்கு நான் பூசினேன், யாரும் தடுக்கவில்லை. எங்கள் வழக்கத்தில் வாசலிலேயே பாடையில் வைத்துத்தான் தூக்க வேண்டும். தெருவில் கட்டிய வெறும் பாடையைச் சந்து வழியாகக் கொண்டுவந்தார்கள். மூலையில் அது திரும்பவில்லை. சாய்த்துப் பார்த்தார்கள், தூக்கிப் பார்த்தார்கள். மூங்கில் என் வீட்டுச் சுவரில் இடித்து இடித்துச் சத்தம் கேட்டது. பின்னால் வாய்க்கால் கரை தளும்பிப் போய்க்கொண்டிருந்தது. கூடியிருந்தவர்கள் யாரும் என்னைப் பார்க்கவில்லை. ஸ்டேஷனில் நான் சொன்னது அந்த ஊரில் எல்லோருக்கும் தெரியும்.

நான் என் வீட்டுக்கு ஓடினேன். தெருக்கதவை விரியத் திறந்தேன். பின்கதவைத் திறந்தேன், குறுக்கே கிடந்த கட்டிலை இழுத்துத் தள்ளினேன். என் வீட்டுக்காரர் கட்டிலின் மறுமுனையைப் பிடித்தார். சாமிப் படத்தை மட்டும் எடுத்து உள்ளே வைத்தார். திரும்பி வந்து மூத்தார் எதிரில் நின்றேன். நடுவில் வைத்துப் பேச ஆள் இல்லை. கல்யாணமாகி வந்ததிலிருந்து முதல் தடவையாக அவர் முகத்தை நேராகப் பார்த்துப் பேசினேன்.

"மாமா, எங்க வூட்டு வழியா கொண்டு போங்க மாமா. அன்னிக்கி கோவத்துல சொன்னேன். இப்ப நெசமா சொல்றேன். ரெண்டு கதவையும் தொறந்து வெச்சிட்டேன்."

அவர் என்னைப் பார்க்கவில்லை. குனிந்து, பாய் மேல் கிடந்த அக்காவைப் பார்த்தார். எப்போதும் சொல்கிற அதே குரலில் சொன்னார்.

"உன் தங்கச்சி வழி வுடறாளாம். போறியா?"

 நிஜமாகவே பதிலுக்குக் காத்திருக்கிற மாதிரி அவர் நின்றார். பிறகு தோள் துண்டை எடுத்து இடுப்பில் கட்டிக்கொண்டார்.

"வாணாங்கறா" என்றார். "போலீஸு நின்னு கட்டுன வூட்டுல பூந்து போவ மாட்டாளாம்."

பாடையைத் தெருவுக்கே எடுத்துப்போகச் சொன்னார். அவர் அக்காவை வாரி எடுத்துத் தோளில் சார்த்திக்கொண்டார். மகன் காலைப் பிடித்துக்கொண்டான். இரண்டு பேரும் பக்கவாட்டில் ஒவ்வொரு அடியாக வைத்துச் சந்தில் நகர்ந்தார்கள். மூலையில் திரும்புகிறபோது இடம் போதவில்லை. அவளைச் சுவரோடு ஒட்டி நிறுத்தித்தான் திருப்ப வேண்டியிருந்தது. அவள் கன்னமும் தோளும் கையும் என் வீட்டுச் சுவரில் உரசிக்கொண்டு போயின. நான் பின்னாலேயே போனேன். எத்தனை வருஷம் கழித்து என் வீட்டைத் தொட்டுக்கொண்டு போகிறாள் என்று நினைத்தேன். வாய்விட்டு அழுதேன், எனக்கு வெட்கமே இல்லை.

சுடுகாட்டுக்கு ஆம்பிளைகள் போன பிறகு வாசல் கழுவ வந்தவர்கள் சந்தையும் கழுவினார்கள். சுவரைக் கழுவ வேண்டாம் என்று நான் சொன்னேன். வெள்ளைச் சுவரில் அந்த மூலையில் மஞ்சள் தீற்றல் இருந்தது, என் தோள் உயரத்தில் அகலமாக ஒன்று, கீழே கை உரசிய இடத்தில் சின்னதாக ஒன்று. பொங்கலுக்கு வெள்ளை அடிக்கும்போதும் அந்த இடத்தை விட்டுவிட வேண்டும் என்று சுடுகாட்டிலிருந்து திரும்பிய என் வீட்டுக்காரரிடம் சொன்னேன். அவர் சரி என்றார்.

சாயங்காலம் மலை கறுத்தது. நான் போய் அந்தச் சுவர் பக்கத்தில் நின்றேன். பழைய கூரையும் பழைய சுவரும் இருந்திருந்தால் எந்த மழைக்கும் சுவர் நனையாது, தாவாரம் அவ்வளவு இறங்கியிருக்கும். மழை சாய்ந்து வந்து சுவரில் அடித்தது. இரண்டு கையையும் விரித்து மறைத்துப் பார்த்தேன். மஞ்சள் கரைந்து என் கை வழியாக ஓடி, தாவாரத் தண்ணீர் விழுந்துகொண்டிருந்த அதே கோட்டில் மண்ணில் இறங்கிப்போனது.